எதிர்காலம் யாருடைய உழைப்பில்? – சமகால விஞ்ஞானப் புனைகதையின் பொருட்பரப்புப் பற்றிய ஒரு நோக்கு

1

விஞ்ஞானப் புனைகதை பற்றி நம்மிடையே இருவகை மனப்பாங்குகள் நிலவுகின்றன. அது சிறுவர்க்கும் பொழுதுபோக்கு வாசகர்க்கும் உரியது, ஆழ்ந்த இலக்கிய ஆய்வுக்கு உட்படுத்தத் தக்கதன்று என்பது ஒன்று. அது வருங்காலக் கண்டுபிடிப்புகளை முன்கூட்டியே அறிவிக்கும் ஒருவகை ஆரூடம் என்பது மற்றையது. முதலாவது மனப்பாங்கு இலக்கியத்தின் பெயரால் அதனைப் புறந்தள்ளுகின்றது. இரண்டாவது விஞ்ஞானத்தின் பெயரால் அதனைப் போற்றுகின்றது. அப்புனைகதை எத்தகைய சமூக நிலைமைகளிலிருந்து தோன்றுகிறது, எவ்வினாக்களை எழுப்புகிறது என்பவற்றை இரண்டுமே நோக்காது விடுகின்றன.

எதிர்வுகூறல் என்னும் அளவுகோல் எத்துணை போதாதது என்பதற்கு, 1956ஆம் ஆண்டு முதல் 2008ஆம் ஆண்டில் மறையும் வரை எமது நாட்டிலே வாழ்ந்த ஆதர் சி. கிளார்க்கையே உதாரணமாகக் கொள்ளலாம். புவியின் சுழற்சியோடு ஒத்தியங்கும் செய்மதிகளின் மூலம் உலகெங்கும் தொடர்பாடலை நிகழ்த்தலாம் என்று அவர் 1945ஆம் ஆண்டிற் கூறியமை அடிக்கடி எடுத்துக்காட்டப்படுவதாகும். ஆனால் அக்கருத்து அவர்தம் கதையொன்றில் வெளிவந்ததன்று. வானொலித் தொழினுட்ப இதழொன்றில் எழுதிய கட்டுரையில் வெளிவந்தது. பொறியியல் முன்னறிவிப்புக்குக் கட்டுரை போதுமானதாயின், புனைகதைக்கு உரிய பணி யாது என்னும் வினா எழுகின்றது. ஒரு கண்டுபிடிப்பு எவர் கைக்குச் செல்லும், எவரை எவருக்குக் கீழ்ப்படுத்தும், எவருடைய வாழ்நாளைச் செலவாக்கிக்கொள்ளும் என்பவற்றை மனித உறவுகளாக்கி நிகழ்த்திக் காட்டுவதே அதன் பணி எனலாம்.

இக்கட்டுரையில் நாம் சமகாலம் எனக் கொள்வது 1960களின் பிற்பகுதி தொடக்கம் இன்றுவரையுள்ள காலப்பகுதியையாகும். இக்காலப்பகுதியின் விஞ்ஞானப் புனைகதை எடுத்தாளும் பொருள்கள் பலவாகும்: செயற்கை மனிதர், வேற்றுலகினர், குடியேற்றங்கள், உயிரியற் கையாளுகை, சூழல் அழிவு, இலட்சிய சமுதாயம் என அவை விரியும். வெளித்தோற்றத்தில் வெவ்வேறானவையாகத் தெரியும் இப்பொருள்கள் யாவற்றினூடும் ஒரு வினா ஊடுருவிச் செல்வதை நாம் அவதானிக்கலாம். காட்டப்படும் எதிர்காலம் யாருடைய உழைப்பில் நிலைபெறுகிறது என்பதே அவ்வினா.

விஞ்ஞானப் புனைகதைக்கு ஒரு கோட்பாட்டு அடிப்படையை வகுத்தவர்களுள் டார்கோ சுவின் முக்கியமானவர். யூகோசிலாவியாவிற் பிறந்து கனடாவிற் பேராசிரியராகப் பணியாற்றிய அவர், 1979ஆம் ஆண்டில் வெளியிட்ட நூலில், அறிதல்சார் அந்நியப்படுத்தலே இவ்விலக்கிய வகையின் தனிப்பண்பு என நிறுவினார். அந்நியப்படுத்தல் என்னும் கருத்து ரஷ்ய உருவவாதிகளிடமிருந்தும் ஜேர்மனிய நாடகாசிரியரான பேர்டோல்ட் பிரெக்டிடமிருந்தும் பெறப்பட்டதாகும். நாளாந்தம் கண்டு பழகியமையால் இயல்பானதாகவும் மாற்றமுடியாததாகவும் தோன்றும் சமூக உறவொன்றை, அது விசித்திரமானதெனப் படும்படி காட்டுவதே அந்நியப்படுத்தலின் நோக்கம். மாயாசாலக் கதையும் நமக்குப் பழக்கமற்ற உலகைக் காட்டுகிறதெனினும், அங்கு காரணகாரியத் தொடர்புக்குக் கட்டாயமில்லை. விஞ்ஞானப் புனைகதையோ தான் படைக்கும் உலகுக்கு அறிவுசார்ந்த நியாயம் கற்பிக்கக் கடமைப்பட்டுள்ளது. இந்நியாயமே வாசகனைத் தனது உலகத்தையும் காரணகாரியத் தொடர்போடு மீண்டும் நோக்கத் தூண்டுகின்றது.

2

இவ்வினாவின் வரலாறு கைத்தொழிற் புரட்சியோடு தொடங்குகிறது. மேரி ஷெல்லியின் 'ஃபிராங்கன்ஸ்டைன்' 1818ஆம் ஆண்டிற் பிரசுரமாயிற்று. அதற்குச் சில ஆண்டுகள் முன்னர், 1811ஆம் ஆண்டு தொடக்கம், இங்கிலாந்தின் நெசவுத் தொழிலாளர் தமது பிழைப்பைப் பறித்த பொறிகளை உடைத்து வந்தனர். அவ்வாறு உடைப்போருக்கு மரணதண்டனை விதிக்கும் மசோதாவை எதிர்த்து, 1812ஆம் ஆண்டிற் பிரபுக்கள் சபையிற் கன்னியுரை நிகழ்த்தியவர் கவிஞர் பைரன். 1816ஆம் ஆண்டில் ஜெனீவா ஏரிக்கரையில் மேரி ஷெல்லி இக்கதையைக் கருக்கொண்டபோது அவரோடு உடனிருந்தவரும் அதே பைரனே. தன்னைப் படைத்தவனாற் பொறுப்பேற்கப்படாது கைவிடப்பட்ட உயிரொன்று அவனை எதிர்த்தெழும் கதையை இப்பின்னணியில் வைத்து நோக்குதல் பொருத்தமாகும்.

எச். ஜி. வெல்ஸின் 'கால இயந்திரம்' (1895) இதனை மேலும் வெளிப்படையாக்கியது. எட்டு இலட்சம் ஆண்டுகளுக்குப் பின்னர் மனிதகுலம் இரு இனங்களாகப் பிரிந்துவிட்டது. நிலத்தின் மேற்பரப்பில் அழகும் மென்மையும் மந்தபுத்தியும் உடைய ஏலோய்கள். நிலத்தின் கீழ் இருளிற் பொறிகளை இயக்கும் மோர்லொக்குகள். முன்னவர் ஓய்வு வர்க்கத்தின் வழித்தோன்றல்கள். பின்னவர் தொழிலாளரின் வழித்தோன்றல்கள். ஆயின் இப்போது மோர்லொக்குகள் ஏலோய்களை மந்தைகளெனப் பேணி உண்கின்றனர். வெல்ஸின் பார்வையிற் பரிவும் அச்சமும் ஒருங்கே கலந்துள்ளன. வர்க்கப் பிளவின் கொடுமையை உணர்ந்த அவர், அப்பிளவை வெல்லும் ஆற்றல் உழைப்போரிடம் உண்டென நம்பவில்லை. பிரித்தானிய நடுத்தர வர்க்கத்துச் சீர்திருத்தவாதியின் கருத்துநிலை எல்லையை இது நன்கு புலப்படுத்துகிறது.

'ரொபோ' என்ற சொல்லின் தோற்றமே நமது வாதத்துக்கு வலுவூட்டுவதாகும். செக் எழுத்தாளரான காரல் சாப்பெக் 1920ஆம் ஆண்டில் வெளியிட்ட 'ஆர்.யூ.ஆர்.' என்னும் நாடகத்தின் மூலமே அச்சொல் உலகுக்கு அறிமுகமாயிற்று. அதனை அவருக்குச் சொல்லித் தந்தவர் அவருடைய சகோதரரான ஓவியர் யோசெப் சாப்பெக். செக் மொழியில் 'ரொபோத்தா' என்பது, நிலப்பிரபுவுக்குக் குடியானவன் ஊதியமின்றி ஆற்றவேண்டியிருந்த கட்டாய ஊழியத்தைக் குறிப்பது. ஹப்ஸ்பேர்க் ஆட்சிப்புலத்தில் அம்முறை 1848ஆம் ஆண்டில் ஒழிக்கப்பட்டது. இலங்கை வாசகர்க்கு இதனை விளக்குதல் எளிது. 1832ஆம் ஆண்டில் ஒழிக்கப்பட்ட இராசகாரிய முறையை ஒத்தது அது. ஒழிக்கப்பட்ட கட்டாய ஊழியம் நவீன ஆலையினுள் வேறுருவில் மீண்டும் வந்துவிட்டதைச் சாப்பெக் அந்த ஒரு சொல்லாற் குறித்துவிட்டார்.

அவருடைய ரொபோக்கள் உலோகப் பொறிகளல்லர். உயிர்ப்பொருளால் ஆக்கப்பட்டு, உழைப்புக்கு வேண்டாத உணர்ச்சிகள் யாவும் நீக்கப்பட்ட மனித உருவினர். தொழிலாளியிடம் முதலாளி விரும்புவதை மாத்திரம் வைத்துக்கொண்டு எஞ்சியவற்றைக் கழித்துவிட்டாற் கிடைப்பது ரொபோ. நாடகத்தின் பிற்பகுதியில் அவர்கள் கிளர்ந்தெழுந்து மனிதகுலத்தை அழிக்கின்றனர். ஒருவரை மட்டும் உயிரோடு விட்டுவைக்கின்றனர். அவர் தமது கைகளால் வேலை செய்பவர் என்பதே அதற்கு அவர்கள் கூறும் காரணம்.

இதன் பின்னர் ஐக்கிய அமெரிக்காவில் வளர்ந்த ரொபோக் கதைமரபு இந்தக் கூர்மையை மழுங்கச் செய்தது. ஐசாக் அசிமொவ் 1942ஆம் ஆண்டுக் கதையொன்றில் வகுத்த மூன்று விதிகள் பிரசித்தமானவை. ரொபோ மனிதனுக்குத் தீங்கிழைத்தலாகாது. மனிதனுக்குக் கீழ்ப்படிதல் வேண்டும். இவ்விரண்டுக்கும் முரண்படாத அளவில் தன்னைக் காத்துக்கொள்ளுதல் வேண்டும். பொறியியற் பாதுகாப்பு விதிகளாகவே இவை பொதுவாகப் பேசப்படுகின்றன. ஆனால் உயிர் தப்பும் உரிமையை எசமானனின் கட்டளைக்கு அடுத்தபடியில் வைக்கும் சட்டம் வரலாற்றில் எவர்மீது விதிக்கப்பட்டதென வினவுவோமாயின், இவ்விதிகள் அடிமையுடைமைச் சமூகத்தின் நியாயத்தை எதிரொலிப்பதைக் காணலாம். அசிமொவ் தாமும் இதனை முற்றாக உணராதவரல்லர். 1976ஆம் ஆண்டில் அவர் எழுதிய குறுநாவலொன்றில், ரொபோ ஒன்று தன்னை மனிதனாகச் சட்டம் ஏற்கவேண்டுமென இருநூறாண்டுகள் போராடுகின்றது.

3

உழைப்பின் வினா சமகாலத்தில் எவ்வாறு உருமாறியுள்ளது என்பதை அறிய, சீன எழுத்தாளரான ஹாவ் ஜிங்ஃபாங்கின் 'மடிப்புறும் பீஜிங்' என்னும் நீண்ட சிறுகதையைச் சற்று விரிவாக நோக்குவது பயனுடையதாகும். பௌதிகம் கற்றுப் பின்னர் பொருளியலிற் கலாநிதிப் பட்டம் பெற்றவர் இவ்வாசிரியை. 2012ஆம் ஆண்டில் எழுதப்பட்ட இக்கதை, ஆங்கில மொழிபெயர்ப்பில் வெளிவந்து 2016ஆம் ஆண்டில் ஹியூகோ விருதைப் பெற்றது.

கதையில் வரும் பீஜிங் நகரம் மூன்று வெளிகளாகப் பிரிக்கப்பட்டு, ஒரே நிலப்பரப்பில் மாறிமாறி விரிந்தும் மடிந்தும் அமைகின்றது. முதலாம் வெளியில் 50 இலட்சம் மக்கள். அவர்களுக்கு 24 மணித்தியாலங்கள். அடுத்த 24 மணித்தியாலங்களை ஏனைய இரு வெளிகளும் பங்கிட்டுக்கொள்கின்றன. இரண்டாம் வெளியின் இரண்டரைக் கோடிப் பேருக்கு 16 மணித்தியாலங்கள். மூன்றாம் வெளியின் ஐந்து கோடிப் பேருக்கு இரவின் எட்டு மணித்தியாலங்கள் மாத்திரமே. ஒரு வெளியினர் விழித்திருக்கையில் ஏனைய இரு வெளியினரும் செயற்கையான உறக்கத்தில் ஆழ்த்தப்பட்டு நிலத்தினுள் மடிக்கப்படுகின்றனர். கதைநாயகனான லாவ் தாவ் மூன்றாம் வெளியிற் கழிவுப்பொருள்களைத் தரம்பிரிக்கும் தொழிலாளி. அந்நகரைக் கட்டியெழுப்பிய தொழிலாளருள் ஒருவரின் மகன். தான் எடுத்து வளர்க்கும் பெண்குழந்தையைப் பாலர் பாடசாலையிற் சேர்ப்பதற்கான பணத்தைப் பெறுவதற்காக, சட்டத்தை மீறி முதலாம் வெளிக்குக் கடிதமொன்றைக் கொண்டு செல்கின்றான்.

முதலாம் வெளியின் விருந்தொன்றில் அவன் ஓர் உரையாடலைக் கேட்க நேர்கிறது. கழிவுகளை முற்றிலும் இயந்திரங்கள் மூலம் தரம்பிரிக்கும் தொழினுட்பம் கைவசம் உண்டு. ஆனால் உயர் அதிகாரி அதனை ஏற்க மறுக்கின்றார். வேலையிழக்கும் கோடிக்கணக்கானோரை எங்கே வைப்பது என்பதே அவரது கவலை. மூன்றாம் வெளியிலிருந்து மேலே வந்து குடியேறிய ஒருவர், பின்னர் இதன் பொருளியலை லாவ் தாவுக்கு விளக்குகின்றார். இயந்திரமயமாதலால் உழைப்பு மிகையாகும்போது, வேலை நேரத்தைக் குறைப்பதற்குப் பதிலாக, ஒரு பகுதி மக்கள் வாழும் நேரத்தையே குறைத்து அவர்களை இரவினுள் தள்ளிவிடுவதே இந்நகரம் கண்ட தீர்வு.

சாப்பெக்கிலிருந்து ஹாவ் ஜிங்ஃபாங் வரையுள்ள நூற்றாண்டில் நிகழ்ந்த மாற்றத்தின் சாரம் இங்கே உள்ளது. சாப்பெக்கின் உலகில் உழைப்பவன் இன்றியமையாதவன்; அதனாலேயே அவனது கிளர்ச்சி உலகைப் புரட்டிவிடுகிறது. லாவ் தாவின் உழைப்போ தேவைப்படாதது. அவனை உறக்கத்தில் வைத்திருப்பதும், விழித்திருக்கும் நேரத்தில் அவனுக்கு ஏதோவொரு வேலை கொடுத்து வைத்திருப்பதுமே ஆட்சியின் தேவை. சுரண்டப்படுதல் என்பதைவிட மேலதிகமானவன் ஆக்கப்படுதல் என்னும் அவலத்தை இக்கதை மிகையுணர்ச்சியின்றிச் சித்திரிக்கின்றது. கதையின் முடிவிற் கிளர்ச்சி ஏதும் நிகழ்வதில்லை. லாவ் தாவ் பணத்தோடு வீடு திரும்பி, வழமைபோல வேலைக்குச் செல்ல ஆயத்தமாகின்றான். இம்முடிவு தோல்வி மனப்பான்மையின் வெளிப்பாடு எனச் சிலர் கூறக்கூடும். ஆனால் தான் எதனுள் வாழ்கின்றான் என்பதை முன்பிலும் தெளிவாக அறிந்த ஒருவனே திரும்பி வருகின்றான் என்பது மனங்கொள்ளத்தக்கது.

இதே வினாவை வேறு கோணங்களில் எழுப்பும் படைப்புகள் சிலவற்றையும் சுருக்கமாகச் சுட்டலாம். பிலிப் கே. டிக் 1968ஆம் ஆண்டில் எழுதி, பின்னர் 'பிளேட் ரன்னர்' (1982) திரைப்படத்துக்கு அடிப்படையாக அமைந்த நாவலில், செவ்வாய்க் கிரகத்திற் குடியேறுவோருக்கு அடிமை ஊழியர்களாகச் செயற்கை மனிதர் வழங்கப்படுகின்றனர். கசுவோ இஷிகுரோவின் நாவலில் (2005), உடலுறுப்புகளை வழங்குவதற்கென்றே வளர்க்கப்படும் பிள்ளைகள் ஓவியமும் கவிதையும் கற்கின்றனர். உழைப்பு மட்டுமன்றி உடலே பறிக்கப்படும் நிலையையும் அவர்கள் தமது கடமையென ஏற்றுக்கொள்கின்றனர். மார்த்தா வெல்ஸின் 'மேடர்பொட்' குறுநாவல் வரிசையில் (2017 முதல்), கம்பனியொன்று வாடகைக்கு விடும் காவற் சாதனம் தன்னைக் கட்டுப்படுத்தும் பொறிமுறையை முறியடித்துவிட்டு, கிடைத்த சுதந்திரத்தைத் தொடர்நாடகங்கள் பார்ப்பதிற் செலவிடுகின்றது. நகைச்சுவையாக அமைந்த இக்கருவில், ஓய்வு நேரத்துக்கான தொழிலாளியின் பழைய கோரிக்கை ஒலிப்பதைக் கேட்கலாம்.

இவை வெறும் கற்பனைகள் எனத் தள்ளிவிட முடியாதவாறு நடைமுறை உலகும் அமைந்துள்ளது. 1770ஆம் ஆண்டில் வியன்னா அரசவையிற் காட்டப்பட்ட சதுரங்கப் பொறியினுள்ளே மனிதன் ஒருவன் ஒளிந்திருந்தான். 2005ஆம் ஆண்டில், சிறுசிறு கணினிப் பணிகளைத் தொலைவிலுள்ள மனிதரைக் கொண்டு செய்விக்கும் வணிகச் சேவையொன்றுக்கு அப்பொறியின் பெயரே சூட்டப்பட்டது. உரையாடும் மென்பொருளொன்றைச் செப்பஞ்செய்வதற்காகக் கொடூரமான எழுத்துக்களை வாசித்து வகைப்படுத்திய கெனிய நாட்டு ஊழியர்க்கு, மணித்தியாலத்துக்கு 2 டொலரிலும் குறைந்த ஊதியமே வழங்கப்பட்டதென்பது 2023ஆம் ஆண்டில் வெளிவந்தது. செயற்கை நுண்ணறிவு என்று நாம் கூறுவதனுள்ளும் மனிதர் ஒளித்து வைக்கப்பட்டுள்ளனர். தொழினுட்பம் பற்றிய நமது அச்சங்களிற் பெரும்பாலானவை, முதலாளித்துவம் அத்தொழினுட்பத்தை எவ்வாறு நம்மீது பயன்படுத்தும் என்ற அச்சங்களே என்று புனைகதையாசிரியரான ரெட் சியாங் கூறிவருவதை இங்கு இணைத்து நோக்குதல் தகும்.

4

உழைப்பின் வினா குடியேற்றவாதத்தின் வினாவிலிருந்து பிரிக்கமுடியாதது. வேற்றுலகினர் பூமியைத் தாக்கும் கதையின் மூலப்படிவமான வெல்ஸின் 'உலகங்களின் போர்' (1898), ஐரோப்பியர் தஸ்மேனிய மக்களை அழித்தமையைத் தொடக்கத்திலேயே நினைவூட்டுகின்றது. இலண்டன் மாநகரத்தான் குடியேற்ற நாட்டவனாக்கப்பட்டால் எவ்வாறிருக்கும் என்பதே அந்நாவலின் பரிசோதனை. ஆனால் பிற்கால வெகுசன மரபில் இது தலைகீழாயிற்று. வேற்றுலகம் கைப்பற்றுவதற்குரிய வெற்று நிலமாயிற்று; அங்குள்ளோர் அரக்கராயினர்.

இப்போக்கை உடைத்தவர்களுள் ஊர்சுலா கே. லெ குவின் முதன்மையானவர். வியட்நாம் யுத்தத்தின் நிழலில் எழுதப்பட்ட அவருடைய குறுநாவலொன்றில் (1972), காடுகளை வெட்டி மரங்களைப் பூமிக்கு ஏற்றுவதற்காக வேற்றுக் கிரகத்தின் சிறிய பச்சை மனிதர் அடிமைகளாக்கப்படுகின்றனர். அவர்கள் போராடி வெல்கின்றனர். ஆனால் கொலை என்பதையே அறியாதிருந்த சமூகம் அதனைக் கற்றுக்கொண்டுவிட்டது. விடுதலைப் போராட்டத்தின் நியாயத்தையும் அது செலுத்தும் விலையையும் ஒருங்கே காட்டும் இப்படைப்பு, நமது நாட்டு வாசகரின் ஆழ்ந்த சிந்தனைக்கு உரியது.

ஆபிரிக்க அமெரிக்க எழுத்தாளரான ஒக்டேவியா பட்லர், 'கிண்ட்ரெட்' (1979) நாவலில், 1976ஆம் ஆண்டின் கலிபோர்ணியாவில் வாழும் கறுப்பினப் பெண்ணொருத்தியை மேரிலாந்தின் அடிமைத் தோட்டமொன்றுக்குக் காலத்திற் பின்னோக்கி இழுத்துச் செல்கின்றார். வெல்ஸ் எதிர்காலத்தை நோக்கிச் செலுத்திய காலப்பயணத்தைப் பட்லர் கடந்த காலத்துக்குத் திருப்புகின்றார். நவீன அமெரிக்கரின் வீடும் கல்வியும் எவ்வுழைப்பின் மீது எழுந்தவை என்பதை அறிவதற்கு அங்குதான் செல்லவேண்டியுள்ளது.

பட்லரின் மரபில் வந்தவர் என். கே. ஜெமிசின். 2016, 2017, 2018 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் தொடர்ந்து ஹியூகோ விருது பெற்ற அவரது முந்நாவற் தொகுதி, நிலநடுக்கங்களாற் சிதையும் ஒரு கண்டத்தைப் பற்றியது. நிலநடுக்கத்தைத் தணிக்கும் ஆற்றலோடு பிறந்தோர் அச்சமூகத்தில் வெறுக்கப்படுகின்றனர். அதேவேளை அவர்களின்றி அச்சமூகம் ஒருநாளேனும் நிலைத்திருக்க முடியாது. பேரரசின் வீதிகளெங்கும் அமைந்த நிலையங்களில், அவ்வாற்றலுடைய பிள்ளைகள் சிலர் மூளை சிதைக்கப்பட்டு, இருக்கையோடு பிணைக்கப்பட்டு, நில அதிர்வுகளை அடக்கும் கருவிகளாக மட்டும் உயிரோடு வைக்கப்பட்டுள்ளனர். நிலம் அசையாதிருப்பதை இயற்கையெனக் கருதி வாழ்வோருக்கு, அந்த அமைதி யாருடைய உடலிலிருந்து பெறப்படுகிறதென்பது தெரியாது.

இவற்றோடு ஒப்பிட்டு நோக்கவேண்டியது லியூ சிக்சினின் 'மூவுடல்' முந்நாவற் தொகுதியாகும். 2006ஆம் ஆண்டிற் சீன இதழொன்றிற் தொடராக வெளிவந்த முதல் நாவல், 2015ஆம் ஆண்டில் ஹியூகோ விருது பெற்று, ஆசியரொருவர் எழுதிய நாவல்களுள் அவ்விருதைப் பெற்ற முதலாவதாயிற்று. கலாசாரப் புரட்சியின்போது தன் தந்தை கொல்லப்படுவதைக் கண்ட வானியற்பியலாளர் ஒருத்தி, மனிதகுலத்தின் மீது நம்பிக்கையிழந்து வேற்றுலகினரைப் பூமிக்கு அழைக்கின்றாள். வரலாற்றுக் காயமொன்றிலிருந்து பிரபஞ்ச நிகழ்வொன்றைப் பிறப்பிக்கும் இத்தொடக்கம் ஆற்றல் மிக்கது. ஆயின் இரண்டாம் நாவல் முன்வைக்கும் கோட்பாட்டின்படி, பிரபஞ்சம் ஓர் இருண்ட காடு. ஒவ்வொரு நாகரிகமும் மறைந்திருக்கும் வேட்டைக்காரன். பிறரைக் கண்டதும் அழிப்பதே பிழைக்கும் வழி. அறிவியற் சூத்திரம்போல் வழங்கப்படும் இது, போட்டிச் சந்தையினதும் வல்லரசுப் போட்டியினதும் நியதியை விண்வெளிக்கு ஏற்றி, இயற்கை விதியாக்கிவிடுகின்றது என்பது நமது கருத்து. வரலாற்றிலே தோன்றியதை என்றுமுள்ளதாகக் காட்டும் இடத்தில், அந்நியப்படுத்தலின் பணி தடைப்பட்டுவிடுகிறது.

5

இனி, மாற்றுச் சமுதாயம் பற்றிய கற்பனைகளை நோக்குவோம். லெ குவினின் 'உடைமையற்றோர்' (1974) நாவல், செல்வம் கொழிக்கும் ஒரு கிரகத்தையும், அதிலிருந்து வெளியேறிய புரட்சியாளர் வறண்ட துணைக்கோளொன்றில் அமைத்த உடைமையற்ற சமுதாயத்தையும் எதிரெதிரே வைக்கின்றது. அத்துணைக்கோளின் மொழியில் வேலைக்கும் விளையாட்டுக்கும் ஒரே சொல்லே வழங்குகின்றது. பத்து நாளுக்கொரு நாள் அனைவரும் முறைவைத்துக் கடின வேலைகளைச் செய்கின்றனர். பௌதிக மேதையும் இதற்கு விலக்கல்லர். எனினும் நாவல் அச்சமுதாயத்தைக் குறையற்றதாகக் காட்டவில்லை. சட்டமில்லாத இடத்தில் அயலாரின் அபிப்பிராயம் சட்டமாகிவிடுகிறது. பணி ஒதுக்கும் குழுக்களில் அதிகாரம் மெல்ல உறைகின்றது. புரட்சி என்பது நடந்து முடிந்துவிட்ட நிகழ்ச்சியன்று, ஒவ்வொரு தலைமுறையும் தொடரவேண்டிய பணி என்னும் அதன் முடிபு முற்போக்கு வாசகர்க்குப் புதிதன்றெனினும், அதனை ஒரு வாழ்க்கையாகவே அனுபவிக்கச் செய்தமை அந்நாவலின் சாதனையாகும்.

சூழல் அழிவு பற்றிய புனைகதைகளிலும் இதே வினா எழுகின்றது. பட்லர் 1993ஆம் ஆண்டில் வெளியிட்டு, 2024ஆம் ஆண்டிற் கதை தொடங்குவதாக அமைத்த நாவலில், வரட்சியும் தீயும் கலிபோர்ணியாவைச் சூழ்கின்றன. கடற்கரை நகரமொன்று பாதுகாப்புக்காகத் தன்னையே கம்பனியொன்றுக்கு விற்றுவிடுகின்றது. அங்கே குறைந்த கூலியும் மாறாக் கடனும் மீண்டும் கொத்தடிமை முறையை உருவாக்குமென அந்நாவலின் இளம் நாயகி தெளிவாகவே உணர்கின்றாள். அழிவு எல்லோருக்கும் பொதுவாக வருவதில்லை, அது வர்க்கத்தின் வழியாகவே வருகிறதென்பதைப் பட்லர் உணர்ந்திருந்தார்.

கிம் ஸ்டான்லி ராபின்சனின் 'எதிர்காலத்துக்கான அமைச்சு' (2020), உத்தரப் பிரதேசத்தின் வெப்ப அலையோடு தொடங்குகின்றது. வெப்பமும் ஈரப்பதனும் மனித உடல் தாங்கும் எல்லையைக் கடக்கையில், இரண்டு கோடி மக்கள் மடிகின்றனர். தென்னாசியச் சிற்றூரொன்றின் ஏரியில் தொடங்கும் இந்நாவலின் தீர்வுகள், பெரும்பாலும் சூரிச் நகரத்து அலுவலகங்களிலும் மத்திய வங்கியாளரின் கூட்டங்களிலும் உருவாகின்றன. காபனைக் குறைப்போருக்கு வழங்கப்படும் புதிய நாணயம் அவற்றுள் முதன்மையானது. நிறுவனங்களின் இயக்கத்தை இத்துணை நுணுக்கமாகப் புனைகதையாக்கியோர் சிலரே. எனினும் தொடக்கத்தில் இறந்தோரின் நிலத்தைச் சேர்ந்த உழைப்பாளர் அம்மாற்றத்தின் நாயகர்களாக முன்னணிக்கு வருவது குறைவு. நாவலின் பரப்புக்கும் அதன் வர்க்கப் பார்வைக்கும் இடையேயுள்ள இடைவெளியாக இதனைக் கொள்ளலாம்.

6

தென்னாசியாவில் இவ்விலக்கிய வகை நேற்றுத் தோன்றியதன்று. வங்காளத்தைச் சேர்ந்த ரொக்கெயா சக்காவத் ஹொசெயின் ஆங்கிலத்தில் எழுதிய 'சுல்தானாவின் கனவு', 1905ஆம் ஆண்டிற் சென்னையிலிருந்து வெளிவந்த பெண்கள் சஞ்சிகையொன்றிற் பிரசுரமாயிற்று. சூரிய வெப்பத்தைச் சேகரித்துச் சமைக்கவும் பகைவரை விரட்டவும் கற்றுக்கொண்ட பெண்கள் நாட்டை ஆள்கின்றனர். ஆடவர் அந்தப்புரத்தில் அடைந்திருந்து சமையலையும் குழந்தைகளையும் கவனிக்கின்றனர். அலுவலக வேலையைப் பெண்கள் நாளொன்றுக்கு இரண்டு மணித்தியாலங்களில் முடித்துவிடுகின்றனர். வீட்டுவேலையும் உழைப்பே என்பதையும், அதனை யார் செய்வது என்பது இயற்கையால் விதிக்கப்பட்டதன்று என்பதையும், மேலைநாட்டு விஞ்ஞானப் புனைகதை பரவலாக உணர்வதற்குப் பல பத்தாண்டுகள் முன்னரே இக்கதை எள்ளலோடு நிறுவிவிட்டது.

தமிழில் விஞ்ஞானப் புனைகதையை வெகுசன வாசகரிடையே நிலைநிறுத்தியவர், பொறியியலாளரும் எழுத்தாளருமான சுஜாதா. 1980களில் ஆனந்த விகடனிற் தொடராக வெளிவந்த 'என் இனிய இயந்திரா', 2020களின் தொடக்கத்து இந்தியாவைக் கற்பனை செய்தது. பிள்ளைப்பேற்றுக்கும் அரசின் அனுமதி வேண்டும் ஆட்சியொன்றின் தலைவன், உண்மையில் ஒளியால் ஆக்கப்பட்ட வெற்றுருவம் என்பது அதில் வெளிப்படுகின்றது. தலைமை வழிபாட்டில் ஊறிய அரசியற் சூழலில் இக்கரு கொண்ட அங்கதம் குறைத்து மதிப்பிடத்தக்கதன்று. ஆயின் நாவலின் கவனம் ஆட்சியின் மீதே குவிகின்றது. அவ்வாட்சியை உழைத்துத் தாங்குவோர் பின்னணியிலேயே தங்கிவிடுகின்றனர்.

இலங்கையைக் களமாகக் கொண்ட கிளார்க்கின் 'சொர்க்கத்தின் நீரூற்றுகள்' (1979) பற்றியும் இவ்வாறே கூறலாம். தப்ரபேன் எனப் பெயர்மாற்றி, நிலநடுக்கோட்டுக்கு நகர்த்தப்பட்ட இத்தீவின் புனித மலையுச்சியிலிருந்து, விண்வெளிக்குச் செல்லும் உயர்த்தியொன்று அமைக்கப்படுகின்றது. சிகிரியாவை ஒத்த குன்றிலே அரண்மனை எழுப்பிய பண்டைய மன்னனும் விண்ணுயர்த்தியை எழுப்பும் பொறியியலாளரும் இணையாக வைக்கப்படுகின்றனர். இரு கட்டுமானங்களுக்கும் கல்லும் கம்பியும் சுமந்தோரை நாவலிற் தேடவேண்டியுள்ளது. அண்மையில் இலங்கையரான வஜ்ர சந்திரசேகர ஆங்கிலத்தில் எழுதி, 2024ஆம் ஆண்டில் நெபுலா விருது பெற்ற நாவல், விஞ்ஞானப் புனைகதையிலும் பார்க்க அதிகற்பனைப் புனைவைச் சார்ந்ததெனினும், இனமும் சாதியும் கொண்டு மக்களை வகைப்படுத்தும் அரச இயந்திரத்தையும் முகாம்களையும் வன்செயல்களையும் நேர்கொண்டு நோக்குகின்றது. தீவின் நிலக்காட்சியை அன்றி அதன் வரலாற்றைப் புனைவின் மூலப்பொருளாக்குவது எங்ஙனம் என்பதற்கு அது ஒரு வழியைக் காட்டியுள்ளது.

ஈழத்துத் தமிழிலக்கியம் உழைப்பின் வரலாற்றைப் பாடுபொருளாக்குவதில் வளமான யதார்த்தவாத மரபொன்றை உடையது. இராசகாரியம் ஒழிக்கப்பட்ட அதே காலப்பகுதியிலேதான் தோட்டப் பொருளாதாரம் வேரூன்றத் தொடங்கியது. தென்னிந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்ட உழைப்பாளர் அதனைத் தம் உடலாற் தாங்கினர். அவர்தம் வழித்தோன்றல்களிற் பெரும்பாலோர் 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் நாடற்றவராக்கப்பட்டனர். உழைப்பு வேண்டும், உழைப்பவர் வேண்டாம் என்னும் நியாயத்தை, ரொபோ என்ற சொல் பிறந்த நாட்டினரிலும் குறைவாக அறிந்தவர்கள் அல்லர் நாம். இவ்வனுபவம் யதார்த்தவாத நாவலில் மட்டுமன்றி, வேறு காலங்களையும் வேறு உலகங்களையும் படைக்கும் புனைகதையிலும் வெளிப்படுவதற்குத் தடையேதும் இல்லை.

7

மேற்கூறியவற்றிலிருந்து, விஞ்ஞானப் புனைகதையை மதிப்பிடுவதற்குரிய அளவுகோல் ஒன்றைத் தொகுத்துக் கூறலாம். அதன் விஞ்ஞானம் சரியானதா என்பதும், அதன் எதிர்வுகூறல் பலித்ததா என்பதும் இரண்டாந்தர வினாக்கள். தான் படைக்கும் உலகின் உற்பத்தி உறவுகளை அது புலப்படுத்துகிறதா, மறைக்கிறதா என்பதே முதல் வினா. புலப்படுத்துவதாயின், அவ்வுறவுகளை வரலாற்றிலே தோன்றியவையாகக் காட்டுகிறதா, என்றும் மாறாத நியதியாகக் காட்டுகிறதா என்பது அடுத்த வினா. லாவ் தாவின் நகரமும் ஜெமிசினின் நிலையங்களும் முதற்கூறிய வகையைச் சார்வன. இருண்ட காட்டுக் கோட்பாடு, அதன் கற்பனை வளம் எத்துணைப் பெரிதாயினும், பிந்தியதைச் சார்வது.

செயற்கை நுண்ணறிவு பற்றி இன்று நம்மிடையே நிகழும் உரையாடல், பெரும்பாலும் இயந்திரம் சிந்திக்குமா, நம்மை அது வென்றுவிடுமா என்ற வினாக்களிலேயே சுழல்கின்றது. அவ்வியந்திரம் யாருடையது, அதனுள் ஒளித்து வைக்கப்பட்ட உழைப்பு யாருடையது, அது மிச்சப்படுத்தும் நேரம் எவருக்குச் சேரும் என்பவை அரிதாகவே கேட்கப்படுகின்றன. இவ்வினாக்களை ஒரு நூற்றாண்டுக்கு மேலாகக் கேட்டுப் பயின்றுள்ள இலக்கிய வகையொன்றை நமது ஆய்வாளர்கள் தொடர்ந்து புறக்கணிப்பது, இலக்கியத்துக்கு மட்டுமன்றிச் சமூக சிந்தனைக்கும் இழப்பாகும். இத்துறையின் சிறந்த படைப்புகள் தமிழில் மொழிபெயர்க்கப்படுதலும், பல்கலைக்கழகப் பாடத்திட்டங்களில் அவற்றுக்கு இடமளிக்கப்படுதலும், அவற்றை அடியொற்றாது நமது வரலாற்று அனுபவத்திலிருந்து புதிய ஆக்கங்கள் எழுதலும் உடனடித் தேவைகள் என்பதை வலியுறுத்த விரும்புகின்றோம்.